ஆறு மணி ஷார்ப்

எலெக்ட்ரானிக் சிட்டியில் எந்த அடுக்ககத்துக்குள் நுழைந்தாலும் அங்கே ஒரு டூர் அண்ணா இருப்பார். நீலாத்ரி ரோட்டில் ஒருவர், தொட்டதோகூரில் ஒருவர். அனந்தநகரில் இரண்டு பேர். அவர்களுக்குள் பேச்சுவார்த்தை கிடையாது. வயது நாற்பத்தைந்தைத் தாண்டியிருக்கும். ஏதோ ஒரு கம்பெனியில் டெஸ்டிங் மேனேஜர். அங்கே அவர் பேச்சை எத்தனை பேர் கேட்கிறார்களோ தெரியாது. ஞாயிற்றுக்கிழமை விடியற்காலையில் கழுத்தில் விசிலோடு அவர் கேட்டருகே வந்து நின்றால், செக்யூரிட்டிகூட எழுந்து நிற்பார்.

புதன்கிழமையே வாட்ஸ்அப்பில் அறிவிப்பு வந்துவிடும். ‘ஒன் டே ட்ரிப். சோமநாதபுரம், தலக்காடு, சிவனசமுத்திரம். கோயிலும் உண்டு, ஃபால்ஸும் உண்டு. காலை ஆறு மணி ஷார்ப்.’ இந்தக் கோயில்-அருவிக் கூட்டணியில்தான் அண்ணாவின் மூளை இருக்கிறது. கோயில் என்றால் மாமியார்கள் பெயர் கொடுப்பார்கள். அருவி என்றால் பிள்ளைகள் துள்ளும். இரண்டு பக்கமும் கிளம்பிவிட்டால் நடுவில் இருக்கும் மகனும் மருமகளும் வந்துதானே ஆக வேண்டும்? வண்டி நிறைந்துவிடும்.

ஆறு மணி ஷார்ப் என்பது நமக்குச் சொல்லும் நேரம். கைக்குழந்தை வைத்திருப்பவர்களுக்கு ஐந்து என்று தனியாகச் சொல்லியிருப்பார். பேச்சிலர் பையன்களுக்கு ஐந்தரை. டிரைவருக்கு ஆறரை. இதில் உள்ள ஒரே சிக்கல், யாருக்கு எந்த நேரம் சொன்னோம் என்பது அண்ணாவுக்கே மறந்துவிடுவதுதான். கைக்குழந்தைக்காரர்கள் ஐந்துக்கே வந்து கொசுக்கடியில் நிற்க, ‘இதோ லிஃப்ட்ல இருக்கோம்ணா’ என்று சொன்ன குடும்பம் பல் துலக்கிக்கொண்டிருக்க, கே.ஏ. 51 எண் போட்ட மினி பஸ் ஏழு பத்துக்கு நகரும். தேங்காய் உடைக்கிற நேரம்தான் கிளம்பிய நேரம் என்று அண்ணா தன் நோட்டில் ஆறு என்று எழுதிக்கொள்வார்.

இந்த ரகம் எலெக்ட்ரானிக் சிட்டியில் முளைத்தது இல்லை. ஊரில் கார்த்திகை பிறந்தால் இருமுடி கட்டிக் கூட்டிப்போன குருசாமி, தைப்பூசத்துக்குப் பழனி நடைக்கு ஆள் சேர்த்தவர், ஆடியில் மேல்மருவத்தூருக்கு பஸ் பிடித்தவர் என்று அண்ணாவின் குடும்பத்தில் யாராவது ஒரு பெரியப்பா இருந்திருப்பார். பெரியப்பாவிடம் மஞ்சள் பையும் கோடு போட்ட நோட்டும் இருந்தன. அண்ணாவிடம் எக்ஸெலும் ஜிபேயும் இருக்கின்றன. ‘வண்டில ஏறுங்கப்பா’ என்ற அதட்டல் அப்படியே இருக்கிறது. 1978-இல் ஆர்.கே. பாலிகா தலைமையில் கியோனிக்ஸ் நிறுவனம் கோனப்பன அக்ரஹாரா, தொட்டதோகூர்ப் பக்கம் 332 ஏக்கரில் மின்னணுத் தொழிலுக்கு ஒரு நகரத்தை அமைத்தபோது, அங்கே குருசாமிகளும் வந்து குடியேறுவார்கள் என்று அவர் எண்ணியிருக்க மாட்டார்.

நைஸ் ரோடு டோலில் அண்ணா வழக்கம்போல் கட்டணத்தைப் பார்த்து ஒரு முறை ‘அநியாயம்’ என்பார். கனகபுரா ரோட்டில் இட்லிக்கு நிறுத்துவார். யாராவது ஒருவர், ‘மைசூர் ரோட்டுல போயிருந்தா மத்தூர் வடை சாப்பிட்டிருக்கலாமே’ என்று ஆரம்பிப்பார். அவர் பெயர் அடுத்த டூரில் இருக்காது.

சோமநாதபுரத்தில்தான் அண்ணாவுக்கு முதல் சோதனை. அங்கே நிஜமான கைடு இருக்கிறார். தாமே கைடாக இருக்கும்போது இன்னொரு கைடுக்கு எதற்குக் காசு என்பது அண்ணாவின் கட்சி. இந்த முறை மாமிகளின் வற்புறுத்தலில் ஒருவரை அமர்த்திக்கொண்டார்கள். கைடு தொண்டையைச் செருமிக்கொண்டு, “இந்தக் கோயில் கட்டின வருஷம்...” என்று இழுத்தார்.

“1258!” என்றார் அண்ணா.

“கரெக்ட் சார். ஹொய்சளராஜா மூணாம் நரசிம்மர்கிட்ட தண்டநாயகரா இருந்த சோமநாதர் கட்டினது.”

“யுனெஸ்கோ!” என்றார் அண்ணா, கூட்டத்தைத் திரும்பிப் பார்த்து.

“2023, சார். பேலூர், ஹளேபீடு, இது, மூணும் சேர்த்து.”

கைடு நிதானமானவர். டார்ச்சை மேலே அடித்து, மண்டபத்து விதானங்களில் ஒன்று போல ஒன்று இல்லை என்று காட்டினார். கடைசல் பிடித்தது போன்ற தூண்களைக் காட்டினார். வெளிச்சுவரின் கீழ்வரிசை யானை, அதற்கு மேல் குதிரைவீரர்கள் என்று சுற்றிவந்து, ஒரு சிலையின் பீடத்தருகே குனிந்தார். “இங்க பாருங்க. இது சிற்பி பேரு. மல்லிதம்மா. அவரே செதுக்கி, அவரே கையெழுத்துப் போட்டிருக்கார். இந்தக் கோயில்ல இவர் கையெழுத்து நிறைய இருக்கு.” கூட்டம் முழுதும் குனிந்தது. கம்பெனியில் தாங்கள் எழுதுகிற எதிலும் தங்கள் பெயர் இல்லாத பையன்கள் அந்தக் கல்லெழுத்தைக் கொஞ்சம் அதிக நேரமே பார்த்தார்கள். அண்ணாவுக்கு இது தெரியாத சங்கதி. “டைம் என்ன ஆச்சு?” என்றார். அரை மணி கழித்து, வாசலில் அடுத்த வண்டியில் வந்திறங்கிய யாரோ ஒரு குடும்பத்திடம், “உள்ள போனா மல்லிதம்மா கையெழுத்தைப் பார்க்காம வந்துடாதீங்க” என்று அவர் சொல்லிக்கொண்டிருந்தார்.

ஒரு மாமிக்கு வேறு குறை. “தீர்த்தம் இல்ல, சடாரி இல்ல, இது என்ன பெருமாள் கோயில்?” மூலக் கேசவர் எப்போதோ போய்விட்டார், தொல்லியல் துறையின் பொறுப்பில் இருக்கும் கோயில், பூஜை கிடையாது என்று கைடு விளக்கினார். மாமி சமாதானமாகவில்லை. “சாயங்காலம் மத்தியரங்கம் இருக்கு மாமி, அங்க எல்லாம் உண்டு” என்றார் அண்ணா. அதோடு விடவில்லை, வெயிலில் கொதிக்கும் கல்தளத்தில் மாமி கால் மாற்றிக் கால் வைத்துக் குதிப்பதைப் பார்த்து, பையிலிருந்து ஒரு ஜோடி சாக்ஸை எடுத்துக் கொடுத்தார். ஒன்று நீலம், ஒன்று சாம்பல். செருப்பைக் கழற்ற வேண்டிய இடம், கறுத்த கல், பதினோரு மணி வெயில் என்று யோசித்து வீட்டிலுள்ள ஒற்றைச் சாக்ஸுகளை எல்லாம் அள்ளிக்கொண்டு வரத் தோன்றியதே, அந்த இடத்தில்தான் நான் அவருக்கு ரசிகன்.

தலக்காட்டுக்குப் போகும் வழியில் அலமேலம்மா சாபம். எல்லா டூரிலும் இதே வளைவில் ஆரம்பிப்பார். ஸ்ரீரங்கப்பட்டணத்தில் விஜயநகரப் பிரதிநிதியாக இருந்தவரின் மனைவி, நகையைக் கேட்டு மைசூர் ராஜாவின் ஆட்கள் துரத்த, தலக்காடு மணலாகட்டும், மாலங்கி மடுவாகட்டும், மைசூர் அரசருக்கு வாரிசு இல்லாமல் போகட்டும் என்று சபித்துக் காவேரியில் குதித்த கதை. பிள்ளைகள் வாயைப் பிளந்து கேட்டார்கள். ஒரு பையன் ஃபோனைப் பார்த்துக்கொண்டே, “இப்ப இருக்கிற ராஜாவுக்கு 2017-ல பையன் பிறந்துட்டானே அண்ணா” என்றான். “அவர் தத்துப்பிள்ளைடா, சாபம் அவருக்குச் செல்லாது” என்று சட்ட நுணுக்கம் பேசிச் சமாளித்தார்.

மணலில் இறங்கியதும் அண்ணாவுக்குச் சோழ ரத்தம் சூடேறிவிடும். “இது நம்ம ராஜராஜன் காலத்துல சோழர் பிடிச்ச ஊரு. பேரே ராஜராஜபுரம்!” மூன்றாம் மாடிக் கன்னடக்காரர் ராவ் சார் மெதுவாக, “அப்புறம் எங்க விஷ்ணுவர்த்தனர் திருப்பிப் பிடிச்சார் இல்லவா? தலக்காடுகொண்டான்னு பட்டம் வேற. அதோ கீர்த்தி நாராயணர் கோயில், அதைக் கொண்டாடக் கட்டினதுதான்” என்றார். ஒன்றுக்கு ஒன்று. ஆட்டம் டிரா. அதற்கு முன்னால் இது கங்கர்களின் தலைநகரம் என்பதால் இரண்டு பேருக்கும் முழு உரிமை இல்லை. ஆனால் கங்கர் சார்பில் பேச வண்டியில் ஆள் இல்லை.

பஞ்சலிங்க தரிசனம் தலக்காட்டில் ஆண்டுக்கணக்கில் காத்திருந்து வரும் திருவிழா. கடைசியாக 2020 டிசம்பரில் நடந்தது. அண்ணாவின் அட்டவணையில் அதற்கு ஐம்பது நிமிடம். வைத்தியேஸ்வரர், பாதாளேஸ்வரர், மருளேஸ்வரர் மூவரும் மணலுக்குள் பக்கம் பக்கமாக இருக்கிறார்கள். அர்க்கேஸ்வரர் விஜயபுரத்தில், மல்லிகார்ஜுனர் முடுக்குத்தொரை மலையில். “மூணு பார்த்தா அஞ்சு பார்த்த மாதிரி. மீதி ரெண்டையும் வண்டியிலிருந்தே கும்பிட்டுக்கலாம்.”

இங்கேதான் அந்த எண்ணிக்கை விவகாரம். வீரமாமுனிவரின் பரமார்த்த குரு கதையில் சீடர்கள் ஆற்றைக் கடந்து வந்து தன்னைத் தவிர்த்து எண்ணி ஒரு ஆளைத் தொலைப்பார்கள். அண்ணா அந்தக் கதையைப் பள்ளியிலேயே படித்தவர். அதனால் தன்னை எண்ண மறப்பதே இல்லை. முதலில் தன் நெஞ்சைத் தொட்டு ‘ஒண்ணு’ என்பார். எல்லாரையும் எண்ணி முடித்து, கடைசியில் சந்தேகத்துக்கு இன்னொரு தடவை தன்னைச் சேர்த்துக்கொள்வார். வந்தவர்கள் இருபத்துமூன்று பேர். சோமநாதபுரத்தில் இருபத்துநான்கு வந்தது. ‘வேற வண்டி ஆள் யாரோ ஏறியிருக்காங்க’ என்று சீட் சீட்டாக முகம் பார்த்துப் போனார். ராவ் சாரைக்கூட ஒரு கணம் உற்றுப் பார்த்தார். தலக்காட்டில், புளியோதரை முடிந்து ஆற்றங்கரையிலிருந்து எல்லாரும் கால் மணலை உதறிக்கொண்டு ஏறியபோது, கணக்கு சரியாக இருபத்துமூன்று வந்தது. “பர்ஃபெக்ட்! ரைட், போலாம்!”

கரும்பு ஜூஸ் கடையில் நின்ற பேச்சிலர் பையன் ஒருவன் வண்டி போவதைப் பார்த்துக் கையை ஆட்டினான். அண்ணாவும் ஜன்னல் வழியாகக் கையை ஆட்டினார்; உள்ளூர்க்காரர்கள் எவ்வளவு அன்பானவர்கள் என்று சொல்லிக்கொண்டார். பையன் ஃபோனில் அழைத்தபோதெல்லாம் அண்ணாவின் லைன் பிஸி. டீக்கு ஒரு நிறுத்தம், யாருக்கோ வாந்தி என்று இன்னொரு நிறுத்தம். சிவனசமுத்திரத்தில் மத்தியரங்கம் கோயில் வாசலில் வண்டி நின்றபோது, யாருடைய பைக்கிலோ தொற்றிக்கொண்டு முன்னாலேயே வந்துசேர்ந்த அவன் நெற்றியில் குங்குமத்தோடு படியில் உட்கார்ந்திருந்தான்.

“தரிசனம் ஆச்சுண்ணா.”

அண்ணா கைக்கடிகாரத்தைப் பார்த்தார். “பாத்தீங்களா? மொத்த குரூப்புல ஷெட்யூல்படி இவன் ஒருத்தன்தான் இருக்கான்.”

சிவனசமுத்திரம் அண்ணாவின் சொந்த மைதானம். ஸ்ரீரங்கப்பட்டணம் ஆதிரங்கம், இது மத்தியரங்கம், நம் திருவரங்கம் அந்திய ரங்கம் என்று மாமிகளுக்கு. 1902-இல் இங்கே நீர்மின் நிலையம் ஓடத் தொடங்கி முதலில் கோலார் தங்கவயலுக்கு மின்சாரம் போனது, 1905-இல்தான் பெங்களூருக்கு வந்தது, திட்டத்துக்கு முன்னின்ற திவான் சேஷாத்ரி ஐயர் அது ஓடுவதைப் பார்க்காமல் 1901-இலேயே போய்ச்சேர்ந்தார் என்று பிள்ளைகளுக்கு. “பெங்களூருக்கு முதல் கரண்டே இங்கிருந்துதாண்டா!” என்று அவர் குரல் தழுதழுத்தபோது, “அங்கிள், அப்ப இங்க சார்ஜ் போட முடியுமா?” என்றது ஒரு குழந்தை.

அவர் சொல்லாமல் விடும் ஒருவர் இருக்கிறார். ராமசாமி முதலியார். பத்தொன்பதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் காடு மண்டிக்கிடந்த இந்தத் தீவில் கோயில்களைப் பழுதுபார்த்து, ஆற்றின் மேல் கல்தூண் பாலம் போட்டு, யாத்ரீகர்கள் நனையாமல் வந்துபோக வழிசெய்த தமிழர். ஆங்கிலேய அரசு அவருக்கு ‘ஜனோபகார காமகர்த்தா’ என்று பட்டமும் ஜாகீரும் கொடுத்தது. டூர் அண்ணாக்களின் குலமுதல்வர் என்று இவருக்குத்தான் மாலை போட வேண்டும். இன்றைய அண்ணாவுக்குப் பட்டம் கொடுக்க அடுக்ககச் சங்கத்துக்கு மனம் வரவில்லை. பார்க்கிங்கை மறித்து வண்டி நிறுத்தியதற்கு நோட்டீஸ்தான் கொடுத்தது.

ககனசுக்கி பார்வை மாடத்துக்கு வந்து சேர்ந்தபோது ஐந்தரை. எதிரே மர்தானே காயிப் தர்கா பக்கம் பாறைகளில் காவேரி நூறு கிளையாகப் பிரிந்து விழுந்துகொண்டிருந்தது. கபினியும் கிருஷ்ணராஜசாகரும் திறந்துவிட்ட ஆகஸ்ட் வெள்ளம்; சாரல் இந்தப் பக்கம் வரை வந்தது. “போன வருஷம் பார்த்திருக்கணும்” என்றார் அண்ணா. எந்த வருஷம் போனாலும் இதைச் சொல்வார். சொல்லும்போது அவர் அருவியைப் பார்ப்பதில்லை. கம்பிவேலிக்கு முதுகைக் கொடுத்து நின்று தலைகளை எண்ணிக்கொண்டிருப்பார். வேலியில் காலை வைக்கும் பிள்ளைக்கு விசில் ஊதிக்கொண்டிருப்பார்.

மாமி மட்டும் கைகூப்பி, தணிந்த குரலில், “நம்ம மேட்டூருக்குத்தானே போறது?” என்றார். பக்கத்தில் ராவ் சார் நின்றிருந்ததை அவர் கவனிக்கவில்லை. வண்டியே ஒரு நொடி மூச்சைப் பிடித்தது. இரண்டு மாநிலமும் பிலிகுண்டுலுவில் அளந்து அளந்து வழக்காடும் தண்ணீர் அது. ராவ் சார் அருவியை நோக்கி ஒரு கையை நீட்டி, “தகொள்ளி அம்மா, நிம்தே” என்று சிரித்தார். எடுத்துக்கொள்ளுங்கள், உங்களுடையதுதான் என்கிறார். மாமியும் சிரித்துவிட்டார். அடுத்த வார்த்தை வருவதற்குள் அண்ணா விசில் ஊதிவிட்டார். “குரூப் போட்டோ! எல்லாரும் இங்க வாங்க! ராவ் சார் நடுவுல!” நடுவர் மன்றத்துக்கு வராத சமயோசிதம்.

திரும்பும் வழியில் மளவள்ளி தாண்டியதும் எல்லாரும் உறங்கிப்போனார்கள். அண்ணா மட்டும் டிரைவர் தூங்காமல் இருக்க அவரிடம் அலமேலம்மா கதையை மறுபடி ஆரம்பித்தார். பத்தே முக்காலுக்கு இறங்கி, பதினொன்றரைக்குள் கணக்கு வந்துவிட்டது: டீசல், டோல், டிரைவர் பேட்டா, கைடு, பார்க்கிங், தேங்காய் ஒன்று. மீதி ஆளுக்குப் பதினெட்டு ரூபாய். ‘வெச்சுக்கோங்கண்ணா’ என்று எழுதியவர்களைக் கடிந்துகொண்டு, பதினெட்டு பதினெட்டாக எல்லாருக்கும் ஜிபேயில் அனுப்பினார். அந்தக் கணக்கில் சாக்ஸ் சலவையை அவர் சேர்க்கவில்லை. அது அவர் கைக்காசு.

மாமி மட்டும் குரூப்பில் குரல்செய்தி போட்டார். “தம்பி, எனக்கு இன்னும் கொஞ்சம் வரணுமே. நான் மத்தியானம் உங்க புளியோதரை சாப்பிடல. ஏகாதசி.”

இரண்டு நிமிடத்தில் மாமிக்கு நாற்பது ரூபாய் போய்ச் சேர்ந்தது. குறிப்பு: ‘புளியோதரை ரீஃபண்ட்.’