கக்கவியல்: நூலும் உரையும்

அக்குள் நரம்பின் அமுக்கம் ஐவகை
அமுக்கிய பொருளால் அறியப் படுமே.

என்பது நூற்பா. இயற்றியவன் யானே, வேறு யாரும் முன்வராமையால் உரையும் யானே எழுத நேர்ந்தது.

மருத்துவர் இதை நரம்பின் பெயரால் பகுப்பர். அது குற்றமன்று. ஆயினும் நோயாளிக்குத் தன் கையில் எந்த நரம்பு எவ்வழி போகிறது என்பது தெரியாது. எதன்மேல் சாய்ந்து தூங்கினோம் என்பது தெரியும். ஆகலின் ‘அமுக்கிய பொருளால்’ என்றாம்.

இனி, இடம். கழுத்தின் ஐந்தாம் நரம்பு முதல் எட்டாம் நரம்பு வரை நான்கு வேர்கள், மார்பின் முதல் நரம்புவேர் ஒன்று, ஆக ஐந்து. இவை கழுத்துத் தசைகளுக்கு இடையே நுழைந்து, முதல் விலா எலும்பின் மேலும் காறை எலும்பின் அடியிலுமாகப் புகுந்து, அக்குளில் பெரிய தமனியைச் சூழ்ந்துகொள்கின்றன. வழியெல்லாம் சேர்ந்தும் பிரிந்தும் தடம் மாறி, மீண்டும் ஐந்து பெரிய நரம்புகளாகக் கைக்குள் இறங்கும். விழுப்புரம் சந்திப்பு போல என்க. இத்தனை முக்கியமான இடத்துக்கு மனிதன் செய்யும் மரியாதை பவுடர் போடுவது மட்டுமே.

நூலில் சேராதன இரண்டு. கையைத் தலைக்கு வைத்துப் படுத்து, எழுந்து உதறியதும் போய்விடும் மரமரப்பு ஒன்று. கக்கத்தில் துண்டை இடுக்கிப் பெரிய மனிதர் முன் நின்றோர் படும் பாடு மற்றொன்று. அங்கே வளைவது முதுகு, அந்நோய் வேறு நூலின்பாற்படும்.

முதல்வகை நாற்காலி அமுக்கம். குடித்துவிட்டு நாற்காலியின் முதுகுச்சட்டத்தின் மேல் கையைத் தொங்கவிட்டபடி தூங்கியவன், காலையில் மணிக்கட்டை நிமிர்த்த முடியாமல் விழிப்பான். ஆங்கிலத்தில் இதற்குச் சனிக்கிழமை இரவு வாதம் என்று பெயர். சம்பளம் வாரக் கூலியாக வந்த காலத்துப் பெயர் போலும். நசுங்குவது ரேடியல் நரம்பு. மணிக்கட்டையும் விரல்களையும் பின்னுக்கு நிமிர்த்துவது அதன் வேலை. சாதாரணமாகத் தூங்குபவன் கை வலித்தால் புரண்டு படுப்பான்; போதையில் கிடப்பவன் புரள்வதில்லை. குற்றம் நாற்காலியுடையதன்று.

நசுங்கிய இடம் அக்குளா, மேற்கையின் நடுப்பகுதியா என்று அறியவும் வழி உண்டு. அக்குளிலேயே நசுங்கியிருந்தால் முழங்கையை நீட்டும் வலுவும் குறையும். கீழே நசுங்கியிருந்தால் முழங்கை நன்றாக நீளும், மணிக்கட்டு மட்டும் தொங்கும்.

இரண்டாம் வகை ஊன்றுகட்டை அமுக்கம். எனக்கு மிகுந்த எரிச்சலூட்டுவது இதுவே. காலைக் காப்பாற்ற வந்தது கையைக் கெடுக்கிறதே! கட்டை உயரமாக இருந்தாலோ, களைப்பில் உடம்பு முழுவதையும் கக்கத்தில் தொங்கவிட்டாலோ, அதே ரேடியல் நரம்பு நாள்தோறும் நசுங்கும். கட்டையின் மேல்முனைக்கும் அக்குளுக்கும் இடையே இரண்டு மூன்று விரல்கடை இடைவெளி வேண்டும். பாரம் உள்ளங்கையில் இறங்க வேண்டும். அண்ணனுக்கு வாங்கியது தம்பிக்கும் ஆகும் என்று பரணிலிருந்து எடுத்துக் கொடுக்கும் குடும்பங்கள் இதைக் கவனிக்க.

மூன்றாம் வகை துணை அமுக்கம்: ஒருவர் கையில் இன்னொருவர் தலைவைத்து இரவெல்லாம் உறங்குவதால் வருவது. தேனிலவு வாதம் என்பர். இதற்கு மேல் உரை வேண்டா.

நான்காவது சுமை அமுக்கம். கனத்த முதுகுப்பையின் பட்டை தோளை இழுக்க, அக்குளின் உட்சுவர் வழியே இறங்கும் நீண்ட நரம்பு சில சமயம் கெடும். அப்போது சுவரைத் தள்ளினால் தோள்பட்டை எலும்பு இறக்கைபோல் புடைத்து நிற்கும்.

ஐந்தாவது எலும்பு அமுக்கம். சிலருக்குக் கழுத்தில் ஒரு விலா எலும்பு கூடுதலாகப் பிறக்கும். பெரும்பாலோர் அறியாமலே வாழ்ந்துவிடுவர். சிலருக்கு மட்டும் பேருந்தின் மேல்கம்பியைப் பிடித்து நிற்கையில் சுண்டுவிரல் பக்கம் எறும்பு ஊரும்.

புறனடை: தோள்மூட்டு நழுவினால் சில சமயம் ஆக்ஸிலரி நரம்பு அடிபடும்; அப்போது கையைப் பக்கவாட்டில் தூக்கும் வலு குறையும், தோளின் வெளிப்புறத்தில் ஒரு திட்டு மரக்கும். அமுக்கத்தைவிட இழுப்பே அங்கு மிகுதலின் நூற்பாவுள் அடக்கவில்லை.

தீருமோ எனின், 1943இல் செடன் என்ற ஆங்கிலேய அறுவை மருத்துவர் நரம்புக் காயத்தை மூன்றாக வகுத்தார். செய்தி தடைபட்டது மட்டும் எனில் சில வாரங்களில், சில வேளை மாதங்களில், தானே சரியாகும். உள்ளிழை அறுந்து உறை இருந்தால் நாளுக்குச் சுமார் 1 மில்லிமீட்டர் வளரும்; ஒரு சாண் கடக்க ஏழு மாதம். முழுவதும் அறுந்தால் அறுவை சிகிச்சைதான். தூக்கத்தில் நசுங்கியவை பெரும்பாலும் இம்மூன்றுள் முதல் வகையே.

ஆயினும் காலையில் எழுந்ததும் மணிக்கட்டு நிமிராவிட்டால் இந்நூலை மூடிவிட்டு அன்றே மருத்துவரிடம் காட்டுக. உடன் முகம் கோணியோ பேச்சு குழறியோ இருந்தால் அது மூளையில் வந்த பக்கவாதமாகலாம். உடனே 108ஐ அழைக்க.