உருட்டினால் தங்கம்!

கேள்வி: பேரங்காடியில் பிள்ளைகள் பொழுதுபோக்காக ஆடும் போலிங்குக்கெல்லாம் அனைத்துலகப் போட்டியில் பதக்கம் கொடுக்கலாமா?
– வாசகர், சுங்கை சிப்புட்

பதில்: தாராளமாகக் கொடுக்கலாம். கொடுத்தார்கள், நாம் வாங்கியும் விட்டோம்! 1998 கோலாலம்பூர் காமன்வெல்த் போட்டியில் ஆண்கள் ஒற்றையர் தங்கம் நம் மலேசியாவின் கென்னி ஆங்குக்கு. இரட்டையர் தங்கம் அவருக்கும் பென் ஹெங்குக்கும். ஆஸ்திரேலியாவின் காரா ஹனிசர்ச் மூன்று தங்கத்தை அள்ளிப் போனார். ஆசிய விளையாட்டிலோ 1978-லேயே போலிங் நுழைந்துவிட்டது.

உருட்டுவது சுலபமில்லை, ஐயா. தடம் 60 அடி. முன்பகுதியில் எண்ணெய்ப் பூச்சு, கடைசிப் பகுதி காய்ந்த பலகை. வழுக்கிப் போகும் பந்து காய்ந்த இடத்தைத் தொட்டதும் வளைந்து, எதிரே நிற்கும் பின்களில் முதலாவதற்கு ஒட்டினாற்போல் ஏறக்குறைய 6 பாகைக் கோணத்தில் பாய வேண்டும். ஒரே உருட்டில் எல்லாப் பின்களையும் சாய்க்கும் ஸ்டிரைக்கைத் தொடர்ந்து 12 முறை அடித்தால்தான் முழுப் புள்ளி 300.

கத்தி ஆழம் போனால் ரப்பர் மரம் புண்ணாகும், மேலோடு நின்றால் பால் வராது என்று தெரிந்து வெட்டிய தோட்டத்துக் கைகளின் பேரப்பிள்ளைகள் நம்மவர்கள். அந்தக் கைப்பதம்தான் இங்கேயும் வேண்டும். பேரங்காடியில் உங்கள் பிள்ளை பந்தைத் தூக்கினால் அதட்டாதீர்கள், நல்ல பயிற்றுநரிடம் சேர்த்துவிடுங்கள்!