விருந்தும் மருந்தும் ஐந்து வாரம்

வந்த விருந்தாளியிடம் கேட்கக் கூடாத கேள்வி, "ஊருக்கு எப்போ கிளம்புறீங்க?" என்பது. ஆங்கில எழுத்தாளர் சார்லஸ் டிக்கன்ஸ் நாகரிகம் தெரிந்தவர், கேட்கவில்லை. ஐந்து வாரம் அனுபவித்தார்.

விருந்தாளியும் லேசுப்பட்டவர் இல்லை. கடல்கன்னியையும் தீக்குச்சி விற்கும் சிறுமியையும் சாகடித்து உலகத்துப் பிள்ளைகளையெல்லாம் அழவைத்த டென்மார்க்குக்காரர், ஹான்ஸ் கிறிஸ்டியன் ஆண்டர்சன். 1805இல் ஓடென்ஸ் ஊரில் ஒரு செருப்புத் தைப்பவரின் மகனாகப் பிறந்தவர். பதினான்கு வயதில் மேடையைக் கலக்கப்போவதாகச் சொல்லிக்கொண்டு தனியாகக் கோபன்ஹேகனுக்கு வண்டி ஏறினார். பாடினார், குரல் உடைந்தது. ஆடினார், கைகால் சொன்ன பேச்சைக் கேட்கவில்லை. யோனாஸ் கொலின் என்ற பெரிய மனிதர் இரங்கிப் பள்ளிக்கு அனுப்ப, பதினேழு வயது நெட்டையர் பொடிசுகளோடு உட்கார்ந்து இலக்கணம் படித்தார். எப்படியோ தேறி, 1835இல் குழந்தைக் கதைகளை அச்சிட ஆரம்பித்துப் பேர் வாங்கிவிட்டார். பயம் மட்டும் போகவில்லை. தீப்பிடித்தால் ஜன்னல் வழியே இறங்க, போகுமிடமெல்லாம் பெட்டியில் கயிறு.

1847இல் லண்டன் விருந்தொன்றில் டிக்கன்ஸைச் சந்தித்ததும் மனிதருக்குத் தலைகால் புரியவில்லை. கடிதமாக எழுதித் தள்ளினார். டிக்கன்ஸும் 'அவசியம் வாருங்கள்' என்று எழுதிவைத்தார். அதை நம்பி மூட்டை கட்டுகிறவர்களும் இருக்கிறார்கள். 1857 ஜூனில் கென்ட் மாவட்டத்து கேட்ஸ் ஹில் வீட்டில் வந்து இறங்கினார் ஆண்டர்சன். பேச்சு இரண்டு வாரம்தான்.

டிக்கன்ஸுக்கு அப்போது நேரம் சரியில்லை. நண்பர் டக்ளஸ் ஜெரால்டு அந்த வாரம்தான் இறந்திருந்தார். அவர் குடும்பத்துக்குப் பணம் திரட்ட நாடக வேலை கழுத்தை நெரித்தது. மனைவியோடும் சுமுகமில்லை. நம்மவரோ, தனக்குச் சவரம் செய்துவிட வீட்டுப் பையன்களில் ஒருவனை அனுப்பச் சொன்னார். எங்கள் ஊர் வழக்கம் என்றார். பையன்கள் ஆடிப்போனார்கள். ரோச்செஸ்டரில் நாவிதரிடம் போய்வர ஏற்பாடாயிற்று.

ஒருநாள் லண்டனில் குதிரை வண்டிக்காரர் பழக்கமில்லாத புதுத்தெரு வழியாக ஓட்டினார். ஆண்டர்சன் முடிவே கட்டிவிட்டார்: கொலைதான். பணம், கடிகாரம், ரயில் கால அட்டவணை, கத்தரிக்கோல், பேனாக்கத்தி, புத்தகம் என்று கைக்குக் கிடைத்ததையெல்லாம் பூட்ஸுக்குள் திணித்துக்கொண்டு நொண்டி நொண்டி வந்து சேர்ந்தார். கொள்ளைக்காரனுக்கு எதற்கு ரயில் அட்டவணை என்று அவருக்குத் தோன்றவில்லை போலும்.

தன் நாவலைத் தாக்கி ஒரு விமர்சனம் வந்த அன்று புல்வெளியில் குப்புற விழுந்து கேவிக்கேவி அழுதார். வயது ஐம்பத்திரண்டு. டிக்கன்ஸ் தேற்றினார். ஆண்டர்சனின் ஆங்கிலம் யாருக்கும் பிடிபடவில்லை; டேனிஷும் அவருக்குப் பேச வராது என்று அவருடைய மொழிபெயர்ப்பாளர் அம்மாளே சொல்வதாக டிக்கன்ஸ் ஒரு கடிதத்தில் வயிற்றெரிச்சலைக் கொட்டினார். மகள் கேட்டி வைத்த பட்டத்தை நம் வழக்கில் சொன்னால், எலும்புக்கூட்டு அறுவை.

ஜூலை நடுவில் ஒருவழியாகக் கிளம்பினார். டிக்கன்ஸ் தானே வண்டியோட்டி ரயிலடிக்குக் கொண்டுபோய்விட்டார். மரியாதைக்கா, ரயில் தவறிவிடுமோ என்ற பயத்திலா, அவருக்கே வெளிச்சம். வீடு திரும்பியதும், ஆண்டர்சன் இந்த அறையில் ஐந்து வாரம் உறங்கினார், குடும்பத்துக்கு அது யுகங்களாகத் தெரிந்தது என்று சீட்டு எழுதிக் கண்ணாடியில் செருகினார். போகப்போகக் கடிதமும் நின்றது.

ஆண்டர்சன் ஏன் ஏன் என்று மருகினார். 1860இல் அந்த விருந்தைப் பற்றிக் கோபன்ஹேகன் பத்திரிகையில் உருகி உருகி எழுதினார். திருமதி டிக்கன்ஸையும் வாயாரப் புகழ்ந்தார். கட்டுரை வெளிவந்தபோது டிக்கன்ஸ் அந்த அம்மாளைப் பிரிந்து ஏறக்குறைய இரண்டு வருடம் ஆகியிருந்தது.