ஒரு முள்ளும் எழுபதாயிரம் எண்களும்

பேராவூரணியில் காலில் முள் குத்துவது ஒரு சேதியே இல்லை. தென்னந்தோப்பு வரப்பு, சீமைக்கருவேல வேலி, தேய்ந்த ரப்பர் செருப்பு மூன்றும் கூடிய இடத்தில் குத்தாமல் விட்டால்தான் சேதி. என் சித்தப்பா மகனுக்குக் குத்திய முள் மட்டும் ஒடிந்து உள்ளேயே குடியேறி, மூன்று வாரத்தில் கோலிக்குண்டு அளவுக்குத் திரண்டுவிட்டது. அவனுக்கு வேலை மெடிக்கல் கோடிங். ராத்திரி முழுக்க அமெரிக்காக்காரனின் வியாதிகளுக்கு எண் போடுவான்.

அப்பாயி எருக்கம்பாலோடு வந்தார். "கொஞ்சம் பொறு அப்பாயி, இது எம் 60.2" என்றான் இவன். வலியிலும் பெருமை.

வியாதிக்கு எண் போடும் இந்தப் பழக்கம் யாருக்கு எப்போது பிடித்தது? ஆதியில் மரியாதை முள்ளுக்குத்தான். சுசுருதர் காலத்தில் அறுவை மருத்துவத்தின் பெயரே சல்ய தந்திரம். சல்யம் என்றால் அம்பு, முள், உடம்புக்குள் நுழைந்துவிட்டுப் போக மறுக்கும் எதுவும். முள் எடுப்பதுதான் சர்ஜரி. மற்றவை பிறகு சேர்ந்த இலாகாக்கள். முள் எங்கே பதுங்கியிருக்கிறது என்று தெரியாவிட்டால் உறைந்த நெய்யைத் தடவுவார்கள். சூட்டில் எங்கே உருகுகிறதோ அங்கே ஆள் இருக்கிறான். மரச்சில்லு எக்ஸ்ரேயில் பெரும்பாலும் தெரியாது என்பதால் நெய்யை ரொம்பவும் கேலி செய்ய வேண்டாம்.

நம் சித்தர்கள் கணக்கில் கறார். மனிதனுக்கு வரும் நோய் மொத்தம் 4,448. அதோடு கணக்கு முடிந்தது. 4,449ஆவது நோய் வந்தால் வாசலோடு திருப்பி அனுப்பியிருப்பார்கள் போல.

தஞ்சாவூரில் 1832 வரை இருந்த இரண்டாம் சரபோஜி மன்னருக்கு எண்ணில் நம்பிக்கையில்லை. கண் நோயாளி வந்தால் கண்ணையே படமாக வரையச் சொல்லி, பக்கத்தில் விவரம் எழுதி வைத்தார். ராஜ்யத்தைக் கும்பினியார் வாங்கிக்கொண்டுவிட்டதால் அவருக்கு நேரமும் இருந்தது.

லண்டன்காரர்கள் எண்ணத் தொடங்கியது செத்தவர்களை. பிணத்தைப் பார்த்துக் காரணம் சொல்லும் வேலை கிழவிகளுக்கு. 1632ஆம் ஆண்டுப் பட்டியலில் பல்லால் செத்தவர் 470, கிரகம் பிடித்துச் செத்தவர் 13, துக்கத்தால் 11. 1662இல் இந்தக் குப்பையைக் கிளறிப் புத்தகம் போட்ட ஜான் கிரான்ட் டாக்டர் இல்லை, ஜவுளிச் சாமான் வியாபாரி. ஒரு கோப்பை மதுவும் இரட்டைக் கூலியும் கொடுத்தால் மேகநோயைக் கிழவிகள் க்ஷயம் என்று மாற்றி எழுதுவார்கள் என்று அவரே போட்டு உடைத்தார். சான்றிதழில் விரும்பியதை எழுதி வாங்கும் கலையை நம்மூர்தான் கண்டுபிடித்தது என்று இதுவரை நினைத்திருந்தேன்.

அடுத்து பாரிஸ். பெர்ட்டியோன் வீட்டுப் பிள்ளைகளில் இரண்டு பேர். அல்போன்ஸ் குற்றவாளிகளின் தலையையும் காதையும் அளந்து அட்டை போட்டார். ழாக் சாவுகளுக்கு அட்டை போட்டார். சாப்பாட்டு மேசையில் அந்தக் குடும்பம் என்ன பேசியிருக்குமோ! ழாக்கின் பட்டியலை 1893இல் சிகாகோவில் ஏற்றார்கள். 1900இல் பாரிஸ் மாநாடு கூடி 179 தலைப்புகளாக்கியது. அப்போதும் பட்டியலில் இடம்பிடிக்க முதலில் சாக வேண்டும். வெறுமனே நொண்டுகிறவனையும் சேர்த்துக்கொண்டது 1948இல், உலக சுகாதார நிறுவனம் போட்ட ஆறாம் பதிப்பில்தான்.

பத்தாம் பதிப்புக்கு 1990இல் ஒப்புதல் கிடைத்தது. அமெரிக்கா இருபத்தைந்து வருஷம் யோசித்து, 2015 அக்டோபர் 1 முதல் அதைக் கட்டாயமாக்கியது. யோசித்த நேரத்தில் எண்களைச் சுமார் எழுபதாயிரம் ஆக்கிவிட்டார்கள். விமான இன்ஜின் உள்ளே இழுத்துக்கொண்டவர் மறுபடி சிகிச்சைக்கு வந்தால் அதற்கும் ஓர் எண். மறுபடி வருவாராம்! இவ்வளவும் எதற்கு? எண் இல்லாமல் இன்ஷூரன்ஸ் காசு தராது. லண்டன் கிழவிக்கு ஒரு கோப்பை, இவர்களுக்குக் க்ளெய்ம்.

அந்தப் புத்தகத்தில் நம் முள்ளுக்கு ராஜ உபசாரம். கட்டி தோலிலோ தோலுக்கு அடியிலோ நின்றால் எல் 92.3, அதையும் தாண்டிச் சதைக்குள் போனால் எம் 60.2. ஒன்றை எழுதினால் மற்றதை எழுதக் கூடாது, சம்பந்தி சண்டை. உள்ளே தங்கிய மரச்சில்லுக்குத் தனியாக இசட் 18.33. முள் குத்தியதற்கு டபிள்யூ 60. நடந்த இடம் தோப்பு என்றால் ஒய் 92.74. சீமைக்கருவேலமே அமெரிக்கக் கண்டத்துச் சரக்குதான். சொந்த ஊர்க்காரன் என்று இவ்வளவு கவனிப்போ என்னவோ.

காலுக்குள் நடப்பது இதைவிட வேடிக்கை. முள்ளை விழுங்க முடியாத அணுக்கள் கூட்டணி சேர்ந்து ராட்சச அணுவாகிச் சுற்றி உட்கார்ந்துகொள்ளும். கரைக்கவும் முடியாது, விடவும் மனசு வராது. வாய்தா வழக்கு மாதிரி வருஷக்கணக்கில் இழுக்கும்.

சித்தர்களை உலகப் பட்டியல் சேர்த்துக்கொண்டது 2024 ஜனவரியில். பதினொன்றாம் பதிப்பில் சித்த, ஆயுர்வேத, யுனானி நோய்களுக்கும் எண் வந்தாயிற்று. அகத்தியர் பொறுமைசாலி.

கடைசியில் பையனை டாக்டரிடம் கூட்டிப்போனோம். மரத்துப்போக ஊசி, சின்னக் கீறல், அரை அங்குல முள், இரண்டு தையல். சீட்டில் அவர் எழுதியது ஒரே வரி: 'காலில் முள். எடுத்தாச்சு.'

தையல் போட்ட வலியைப் பொறுத்த பையனால் சீட்டைப் பொறுக்க முடியவில்லை. "சார், வலதா இடதான்னு எழுதலையே! வலதுன்னா எம் 60.271, இடதுன்னா 272. இல்லாட்டி க்ளெய்ம் திரும்பி வந்துடும் சார்."

டாக்டர் கண்ணாடிக்கு மேலாகப் பார்த்தார். "உன் காலுதானே தம்பி?"

வாசலில் காத்திருந்த அப்பாயி கேட்டதும் அதேதான். "எந்தக் காலுடா?" இடது என்றான். அந்தப் பக்கமாக வந்து தோள் கொடுத்தார்.