தலைக்கட்டு வரியும் குறும்படமும்

வாலே பேராண்டி, திண்ணையில உக்காரு. மைக்கைச் சுவத்தோரமாச் சாத்து. அதுக்குப் போத்தியிருக்க முடியைக் கீரிப்பிள்ளைன்னு நெனச்சு நம்ம மணிப்பய தெருவு முழுக்க உன்னைத் துரத்துனான். நீ என்னடான்னா "தாத்தா, நாயைக் கட்டுங்க, சத்தம் கெடுது"ங்கே. தானா வார சத்தம் வேணும்னுதானே பட்டணத்துலேருந்து பஸ் ஏறி வந்தே? காலையில கோழியை ஏசுன ஆச்சியை வாயை மூடச் சொன்னே. பழைய இரும்புக்காரன் ஸ்பீக்கரை அணைக்கச் சொன்னே. பம்புசெட்டு மோட்டாரை வேற நிறுத்தணுமாம். த்ரீ பேஸ் கரண்டு வாரதே கொஞ்ச நேரம், உன் படத்துக்காக அவன் வெள்ளாமையைக் காயப் போடுவானாக்கும்? கடைசியில என்ன மிஞ்சுச்சு, பனையோலைச் சலசலப்பு. அது கம்ப்யூட்டர்லயே ஓசியில கிடைக்குமாமே!

ராத்திரி நீ சொன்னியே, கிறிஸ் வெல்ஸ்பின்னு ஒரு படக்காரன், அவன் கெட்டிக்காரன்லே. 1974-ல வேல்ஸ் சீமையில, நட்சத்திரம் பாக்குறவங்க வச்சிருக்க தாங்கியில கேமராவை ஏத்தி, ஓடைக்கரையில ஏழு நாள் நிறுத்திட்டான். பொழுது விடிஞ்சு அடையுற வரைக்கும் 10 செகண்டுக்கு ஒரு படம். வெயிலடிச்சா கேமரா தன் நிழலைப் பாக்கும், மேகம் மூடுனா வானத்தைப் பாக்கும். ரெண்டு மணி நேரத்துக்கு ஒருக்கா அங்கன கேக்குற சத்தம். அம்புட்டும் சேந்து 20 நிமிசம். டைரக்டர் வேலையை மேகத்துக்கிட்டக் குடுத்துட்டான் பாத்துக்கோ. நீயா இருந்தா மேகத்துக்கிட்டயே கால்ஷீட் கேப்பே.

அதுக்கும் முன்னால 1930-ல பெர்லின்ல வால்டர் ருட்மன்னு ஒருத்தன் 'வீக்எண்ட்'னு படமே இல்லாத படம் எடுத்தானாம்லா! வெறும் சத்தம், 11 நிமிசம். ஜனம் வேலை முடிஞ்சு நாட்டுப்புறம் போயி, திரும்ப வேலைக்கு வார வரைக்கும் காதாலயே பாத்துக்கிடணும். அந்த வழியில போனா ட்ரோன் வாடகையாவது மிச்சம். எருமையும் மிரளாது.

ஒண்ணு செய்யி. நாளைக்கு அம்மன் கோயில் கொடை. கூம்பு ஸ்பீக்கரை வேப்பமரத்துல ஏத்திக் கட்டுவான். நீ ஊரை விட்டுத் தள்ளி, கம்மாக்கரையில மைக்கை நட்டுவச்சிட்டுத் தூங்கு. சாமிப்பாட்டு, "ஹலோ மைக் டெஸ்டிங்", தவளை, மோட்டாரு, எல்லாம் காத்துல ஏறி இறங்கி வரும். நடுச்சாமத்துல தலைக்கட்டு வரி பாக்கி வச்சவன் பேரெல்லாம் வாசிப்பாங்க. உங்கப்பன் பேரு மூணு தடவை வரும். அந்த இடத்தை மட்டும் வெட்டிறாதே, கேட்டியா.