கொரியாக்காரனுக்குத் தெரியாத சூட்சுமம்

கொரியாவை நினைத்தால் பாவமாக இருக்கிறது. பள்ளிக்கூடம் போகிற வயசுப் பையனைப் பிடித்து வந்து ஆட்டம், பாட்டு, நடிப்பு, பேட்டியில் எப்படிச் சிரிப்பது என்பது வரை வருஷக்கணக்கில் பழக்குகிறார்கள். அவ்வளவும் முடித்துக் குழுவாக மேடையேறி, உலகம் பூராவும் பிள்ளைகள் பித்துப்பிடித்து அலறுகிற நிலைக்கு வந்த பிறகாவது அவனுக்கு ஒரு கதாநாயகன் வேஷம் கொடுக்கிறார்களா? எக்ஸோ குழுவின் தோ கியுங்சூ மேடையேறியது 2012-ல். 2014-ல் வந்த ‘கார்ட்’ படத்தில் அவருக்குக் கிடைத்தது, சூப்பர் மார்க்கெட் வேலையிலிருந்து விரட்டப்படும் ஓர் அம்மாவின் மகன் வேஷம். இம் சிவான் என்று இன்னொருவர். 2010-லேயே குழுவாகப் பாட வந்தவர். நாலு வருஷம் கழித்து ‘மிசெங்’ தொடரில் அவரை ஆபீசில் எடுபிடி வேலை பார்த்துத் திட்டு வாங்கும் பயிற்சி ஊழியன் ஆக்கினார்கள். ‘ஸ்க்விட் கேம்’ இரண்டாம் பாகத்தில் அதே மனிதர் 333 என்று எண் போட்ட பச்சைச் சட்டையில், பிறத்தியார் பணத்தையும் சேர்த்துக் கவிழ்த்த யூடியூபராக வருகிறார். கோடி ரசிகர்கள் இருக்கும் ஒருவரை இப்படியா நடத்துவது? ஓர் அறிமுகப் பாட்டு உண்டா? காலைக் காட்டி, முதுகைக் காட்டி, அப்புறம் முகத்தைக் காட்டுகிற மரியாதையாவது உண்டா?

மதுரையில் எங்கள் ஆனையூரிலிருந்து பெரியார் பஸ் ஸ்டாண்டு போகிற ஷேர் ஆட்டோவில் காலேஜ் பிள்ளைகள் இந்தப் பையன்களைப் போனில் பார்த்துக் கண்ணைத் துடைத்துக்கொள்கிறார்கள். “என்னமா நடிக்கிறான் பாருடி” என்கிறார்கள். அவர்களிடம் எனக்குச் சொல்ல ஒன்று உண்டு. தங்கச்சி, நடிக்கத் தெரிந்ததால் நடிக்க வந்தவன் கூலிக்காரன். பாட்டு ஹிட்டானதால் நடிக்க வந்தவன்தான் ராஜா. அந்த ராஜாங்கம் கோடம்பாக்கத்தில் நடக்கிறது.

இதில் மதுரைக்காரர்கள் வெட்கப்பட வேண்டிய பழைய கணக்கு ஒன்றும் இருக்கிறது. கொரியா இன்றைக்குச் செய்கிற தப்பை நூறு வருஷத்துக்கு முன்னாலேயே செய்த ஊர் இது. 1918-ல் சங்கரதாஸ் சுவாமிகள் இங்கே தத்துவ மீனலோசனி வித்துவ பால சபாவைத் தொடங்கினார். சின்னப் பையன்களைச் சேர்த்து, சோறு போட்டு, பாட்டும் வசனமும் நெட்டுரு ஆகும்வரை விடாமல் பிழிந்தெடுக்கிற ஏற்பாடு. டி.கே.எஸ். சகோதரர்கள் அங்கே உருவானவர்கள். சிறுவன் டி.கே. சண்முகத்துக்காகச் சுவாமிகள் ‘அபிமன்யு சுந்தரி’யை ஒரே ராத்திரியில் எழுதிக் கொடுத்தார் என்பார்கள். ஒரு பையன் நடிப்பதற்காக ஒரு பெரியவரின் தூக்கம் கெட்டது. இன்றைய நாயகர் தனக்கு வேண்டிய கதை, வசனம், பாட்டு எல்லாவற்றையும் தானே எழுதிக்கொள்கிறார். வயசானவர்கள் யாருக்கும் தொந்தரவு கிடையாது.

மதுரை ஒரிஜினல் பாய்ஸ் கம்பெனியிலும் இதே கொடுமைதான். பி.யு. சின்னப்பா, எம்.ஜி. சக்கரபாணி, அவர் தம்பி ராமச்சந்திரன் எல்லாம் அங்கே அடிபட்டு வளர்ந்த பையன்கள். பாடணும், ஆடணும், கத்தி சுழற்றணும், வாத்தியார் சொன்னால் ஸ்திரீபார்ட்டும் கட்டணும். மகரக்கட்டு உடைந்து குரல் கரகரத்துவிட்டால் அதுவரை போட்ட வேஷம் அடுத்த பையனுக்குப் போய்விடும். அத்தனையும் தாண்டி எம்.ஜி.ஆர். சினிமாவுக்கு வந்தபோது, 1936-ல் ‘சதி லீலாவதி’யில் கொடுத்தது ஒரு சின்ன இன்ஸ்பெக்டர் வேஷம். கதாநாயகனாக ‘ராஜகுமாரி’ வந்தது 1947-ல். நடுவில் பதினோரு வருஷம் அந்த மனுஷன் துண்டு துக்காணி வேஷங்களில் அலைந்திருக்கிறார். யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் நாடகக் கம்பெனியில் இடம் கிடைக்க, ‘நான் அநாதை’ என்று பொய் சொல்லிச் சேர்ந்தவன் கணேசன் என்கிற பையன். பால்யம் முழுவதையும் அங்கே தொலைத்துவிட்டு, 1952 தீபாவளிக்குத்தான் ‘பராசக்தி’யில் முகம் காட்ட முடிந்தது. எங்கள் தங்கம் தியேட்டர் திறந்ததே அந்தப் படத்தில்தான். அவரிடம் அப்போது ஒரு ஹிட் ஆல்பம் மட்டும் இருந்திருந்தால் எவ்வளவு காலம் மிச்சமாகியிருக்கும்!

எங்கள் டி.எம். சௌந்தரராஜனையும் சொல்லாமல் விட முடியாது. வாய்ப்பு கிடைக்காதவர் என்று சொல்ல வழியில்லை. ‘பட்டினத்தார்’ 1962-ல், ‘அருணகிரிநாதர்’ 1964-ல். இரண்டிலும் நாயகன் அவர். அந்த ருசி கண்ட பிறகும் மனுஷன் மறுபடி மைக் முன்னால் போய் நின்றுகொண்டு, சிவாஜிக்கு ஒரு தொண்டை, எம்.ஜி.ஆருக்கு ஒரு தொண்டை என்று பிறத்தியார் உதட்டுக்குப் பாடிக்கொண்டிருந்தார். நடிப்பு முழுவதையும் குரலுக்குள்ளேயே வைத்துத் தீர்த்துவிட்டார். முன்னேறத் தெரியாத மனிதருக்கு 2023-ல் மதுரையில் சிலை வைத்திருக்கிறார்கள். பிள்ளைகளுக்குத் தப்பான முன்மாதிரி.

இப்போது ஹிப்ஹாப் தமிழா ஆதிக்கு வருவோம். நம் காலத்தின் நல்லூழ் அவர். ஆதி, ஜீவா என்று இருவர் குழு. ‘கிளப்புல மப்புல’ இணையத்தில் பற்றிக்கொண்டது. 2012-ல் ‘ஹிப்ஹாப் தமிழன்’ ஆல்பம், 2015-ல் ‘ஆம்பள’ படத்துக்கு இசை, அதே வருஷம் ‘தனி ஒருவன்’. அடுத்த படி எது என்று யாரும் அவருக்குச் சொல்லித்தர வேண்டியிருக்கவில்லை. 2017-ல் ‘மீசைய முறுக்கு’. எழுத்து, இயக்கம், இசை, நாயகன் எல்லாம் அவரே. கதை, கோயம்புத்தூரிலிருந்து இசைக்காகச் சென்னைக்கு வரும் ஓர் இளைஞனின் கதை. அதாவது அவருடைய சொந்தக் கதை. இந்த இடத்தில் எழுந்து நின்று கை தட்ட வேண்டும். முதல் படத்தில் தன்னையே நடித்துவிட்டால் ‘அந்தப் பாத்திரம் இப்படி இருக்காதே’ என்று எந்த விமர்சகன் வாய் திறப்பான்? ஆள் அசல், நகல் எப்படி இருந்தாலும் அசலுக்குத்தானே உரிமை. சுவாமிகளின் பால சபாவில் ஏன் யாருக்கும் இது தோன்றவில்லை? அபிமன்யு, பிரகலாதன் என்று அடுத்தவன் கதையையே கட்டிக்கொண்டு அழுதிருக்கிறார்கள்.

2020-ல் வந்த ‘நான் சிரித்தால்’ இன்னும் பெரிய சாதனை. துக்கம் வந்தாலும் பதற்றம் வந்தாலும் சிரித்துவிடுகிற வியாதி கதாநாயகனுக்கு. தொல்காப்பியர் நகை, அழுகை, இளிவரல், மருட்கை, அச்சம், பெருமிதம், வெகுளி, உவகை என்று எட்டு மெய்ப்பாடுகளை வகுத்துவிட்டுப் போனார். எட்டையும் ஒருவன் கற்றுத் தேறுவதற்குள் தலை நரைத்துவிடும். முதலாவதான நகையைக் கொண்டே பாக்கி ஏழையும் தீர்த்துவிடலாம் என்று இரண்டாயிரம் வருஷத்தில் எந்த உரையாசிரியருக்கும் தோன்றவில்லை. இளம்பூரணரும் பேராசிரியரும் இருந்திருந்தால் இந்தச் சுருக்கத்தைக் கண்டு ஓலையை மூடி வைத்திருப்பார்கள்.

‘அன்பறிவு’ எங்களுக்கு நெருக்கமான படம். 2022 பொங்கல் சமயத்தில் நேரே ஓ.டி.டி.யில் வந்தது. இரட்டைப் பிறவிகள். ஒருவன் மதுரைப் பக்கத்துக் கிராமத்தில் தாத்தாவிடம் வளர்கிறான், இன்னொருவன் வெளிநாட்டில் அப்பாவிடம். இரண்டு வேஷமும் ஆதிக்கே. இந்த ஊரில் பயின்ற சின்னப்பா 1940-லேயே ‘உத்தம புத்திர’னில் இரட்டை வேஷம் கட்டியவர், ஒருவன் வாயைத் திறந்ததுமே இவன் அவனில்லை என்று காட்டிக்கொடுத்துவிடுவார். ரசிகனைச் சிந்திக்கவே விடாத நடிப்பு அது. ஆதி அப்படி ரசிகனின் அறிவை அவமதிப்பதில்லை. எவன் எவன் என்பதைச் சட்டையையும் மீசையையும் பார்த்து நாமே முடிவு செய்துகொள்ளும் சுதந்திரத்தை நமக்கே கொடுத்துவிடுகிறார். மதுரை என்றால் அருவாளும் உறுமலும்தான் என்று எங்களுக்கே மறந்துபோயிருந்ததையும் ஞாபகப்படுத்தினார். ஆனையூரில் காலையில் பால் வாங்கப் போகிறவர்கள் அன்றிலிருந்து கொஞ்சம் உறுமிவிட்டுப் போனால் தேவலை என்று நினைக்கிறேன்.

அலங்காநல்லூர் எங்களுக்குக் கூப்பிடு தூரம் என்பதால் 2017 ஜனவரி ஜல்லிக்கட்டுப் போராட்டத்தையும் நன்றியோடு சொல்ல வேண்டும். அவர் போட்ட ‘டக்கரு டக்கரு’ பாட்டைப் போட்டுக்கொண்டுதான் பையன்கள் ராப்பகலாக உட்கார்ந்திருந்தார்கள். செல்லூர்ப் பக்கம் வைகைப் பாலத்தில் ரயிலையே நிறுத்திவிட்டார்கள். கூட்டம் வீடு திரும்பும் முன்பே, போராட்டம் திசைமாறுகிறது என்று ஒரு வீடியோவில் சொல்லிவிட்டு ஆதி ஒதுங்கிக்கொண்டார். எந்தக் காட்சியில் நுழைவது என்பது சுமாரான நடிகனுக்கும் தெரியும். எந்தக் காட்சியில் வெளியேறுவது என்பது பிறவி ஞானம். ஆறு மாசத்தில் ‘மீசைய முறுக்கு’ வந்தது.

2017-லிருந்து 2024-ல் வந்த ‘கடைசி உலகப் போர்’ வரை எட்டுப் படம், எட்டிலும் நாயகன். எம்.ஜி.ஆருக்கு முதல் நாயக வேஷத்துக்கே பதினோரு வருஷம் ஆன கதையை மேலே பார்த்தோம். இதற்கு நடுவே ஆதி இசைத் தொழில்முனைவில் முனைவர் பட்டமும் வாங்கினார். இசையை விற்பதற்குக்கூடப் பல்கலைக்கழகத்தில் ஆராய்ச்சி செய்து, ஆய்வேடு எழுதிக் கற்றவர் நடிப்புக்கு அப்படி எதையும் தேடவில்லை என்றால், நடிப்பு என்பது எவ்வளவு எளிமையானது என்பதை இதைவிட நேர்மையாக யார் சொல்லிக்காட்ட முடியும்?

ஆனையூர்க்காரனுக்கு இது உடனே புரியும். 2011-ல் எங்கள் நகராட்சியை மதுரை மாநகராட்சியோடு சேர்த்தார்கள். மாநகரவாசி ஆவதற்கு நாங்கள் எந்த வகுப்புக்கும் போகவில்லை. பலகை மாறியது, ஆகிவிட்டோம்.

விஜய் ஆண்டனியைப் பற்றி ஒரு வார்த்தை. ‘நாக்க முக்க’வால் ஊரையே ஆட வைத்தவர், 2012-ல் ‘நான்’ படத்தில் நாயகனானதும் அசையாமல் நிற்க ஆரம்பித்தார். முகத்தை அநாவசியமாகச் செலவு செய்யாத சிக்கனம். கோடீஸ்வர மகன் அம்மாவுக்காக ஒரு மண்டலம் பிச்சையெடுக்கும் ‘பிச்சைக்காரன்’ தெலுங்கிலும் சக்கைப்போடு போட்டது. தான் யார் என்பதை மறைக்க வேண்டிய பாத்திரம், அவருக்கு அளவெடுத்துத் தைத்தது. மற்றப் படங்களிலும் அவர் அந்த ரகசியத்தைக் கைவிடவில்லை.

ஜி.வி. பிரகாஷின் வரலாற்றில்தான் சில சறுக்கல்கள் உண்டு, மறைக்கக் கூடாது. ‘வெயில்’ படத்துக்கு 2006-ல் இசையமைத்தபோது பத்தொன்பது வயசு. அதற்கு மேல் இசையில் என்ன இருக்கிறது? 2015-ல் ‘டார்லிங்’ மூலம் நாயகனானார். எல்லாம் நல்லபடியாகப் போய்க்கொண்டிருந்தபோது 2018-ல் பாலாவிடம் மாட்டி ‘நாச்சியார்’ படத்தில் நடித்துத் தொலைத்தார். அடுத்து ராஜீவ் மேனனின் ‘சர்வம் தாளமயம்’. அதற்காக உமையாள்புரம் சிவராமனிடம் மிருதங்கம் வேறு பழகினார். விளைவு, இரண்டு படத்தையும் பார்த்துவிட்டு ‘நன்றாக நடித்திருக்கிறார்’ என்று ஆட்கள் எழுதினார்கள். பயிற்சி என்பது ஒரு கலைஞனை எந்த அளவுக்கு இறக்கிவிடும் என்பதற்கு இதுவே சாட்சி. நல்லவேளை, சுதாரித்துக்கொண்டு பழைய வேகத்துக்குத் திரும்பி, 2025-ல் ‘கிங்ஸ்டன்’ வரை இருபத்தைந்து படத்தில் நாயகனாகிவிட்டார்.

தேசிய விருதுக் குழுவுக்குத்தான் இந்த நாகரிகம் எட்டவில்லை. ‘சூரரைப் போற்று’க்கு ஒன்று, ‘வாத்தி’க்கு ஒன்று என்று ஜி.வி.க்கு இரண்டு தடவை விருது கொடுத்தார்கள். இரண்டும் இசைக்கு. இருபத்தைந்து படம் நடித்த மனிதரைக் கூப்பிட்டு, ‘நீங்கள் ஆர்மோனியம் நன்றாக வாசிக்கிறீர்கள்’ என்று சொல்லி அனுப்புவது எவ்வளவு பெரிய அவமரியாதை! அவர் பெரிய மனசோடு சிரித்தபடி வாங்கிக்கொண்டார்.

எங்கள் தெருக் கோயில் திருவிழாவுக்கு வரும் ஆர்கெஸ்ட்ராவில் கீபோர்டு வாசிக்கிற பையன் ஒருவன் இருக்கிறான். கையில் சுருதி சுத்தம். கேட்டதும் பழைய பாட்டின் நடு இசையை ஒரு தப்பில்லாமல் எடுத்துவிடுவான். “தம்பி, அடுத்து என்னப்பா?” என்றேன். “ஜிம்முல சேர்ந்திருக்கேன் சார்” என்றான். வளர்கிற பிள்ளை. கீபோர்டை அண்ணன் மகனுக்குக் கொடுக்கப்போகிறானாம்.

ஆகவே என் கவலையெல்லாம் ஜீவாவைப் பற்றித்தான். ஹிப்ஹாப் தமிழா என்பது இரண்டு பேர். ஒருவர் போலீஸையும் பூதத்தையும் கார்ப்பரேட்டையும் பந்தாடி, ஊரைக் காப்பாற்றி, வசனத்தில் தமிழையும் காப்பாற்றிவிட்டார். இன்னொருவர் பெயர் இத்தனை வருஷமாக இசைத் தட்டின் உறையில்தான் இருக்கிறது. ஒரு சண்டைக் காட்சி இல்லை, ஒரு பஞ்ச் டயலாக் இல்லை, தாத்தாவின் கையிலிருந்து வாங்க ஓர் அருவாள் இல்லை. ஸ்டூடியோவில் உட்கார்ந்து மெட்டுக்குத் தாளம் சேர்த்துக்கொண்டிருக்கிறார் போலிருக்கிறது. யாராவது தயாரிப்பாளர் மனசு வைத்து அந்தப் பிள்ளையையும் கரை சேர்க்கக் கூடாதா? அப்புறம் பாட்டு யார் போடுவார்கள் என்று கேட்காதீர்கள். கொரியாவிலிருந்து ஆள் வரும். அங்கேதான் இன்னும் பழகிக்கொண்டிருக்கிறார்களே.