மாசம் நாற்பத்து மூணுதான், மாமா!

பால் காய்ச்சி முடிந்து, கணபதி ஹோமத்தின் புகை இன்னும் கூடத்தை விட்டுப் போகாத வேளையில், ஊரிலிருந்து வந்த மாமா கேட்கிறார்: “ஏன் மாப்ளே, வீடு எல்லாஞ் சேத்து எவ்வளவு ஆச்சு?” மாப்பிள்ளை வேட்டியைச் சரிசெய்துகொண்டு கம்பீரமாகச் சொல்கிறார்: “மாசம் நாற்பத்து மூணுதான், மாமா.” கேட்டது விலை, கிடைத்தது தவணை. கேட்டவருக்கும் குறை ஒன்றுமில்லை. தலையை ஆட்டிவிட்டுப் பந்திக்குப் போய்விடுகிறார். இந்த மாப்பிள்ளைக்குத் தவணைநாதர் என்று பெயர் வைத்துக்கொள்வோம். தாம்பரத்துக்குத் தெற்கே எந்த அடுக்ககத்தில் மணியை அழுத்தினாலும் இவர்தான் வந்து கதவைத் திறப்பார். வயது முப்பத்தைந்திலிருந்து நாற்பத்தைந்துக்குள் இருக்கும். மாதம் ஐந்தாம் தேதி காலையில் மட்டும் கைபேசியைக் கொஞ்சம் மரியாதையோடு எடுத்துப் பார்ப்பார். கணக்கிலிருந்து பணம் எடுத்துக்கொண்டதாக வங்கி குறுஞ்செய்தி அனுப்பும் நாள் அது.

அவரைக் கணக்குத் தெரியாதவர் என்று நினைத்தால் அது நம் தப்பு. நகைக்கடையில் செய்கூலி, சேதாரம் இரண்டையும் தனித்தனியே கேட்டு, அரை சதவீதம் குறைக்காமல் நாற்காலியை விட்டு எழமாட்டார். காய் வாங்கினால் கறிவேப்பிலையும் கொத்தமல்லியும் இலவசமாக விழுந்தாக வேண்டும். வீடு வாங்கும்போதும் முப்பது வருடத்துக்கு வில்லங்கம் போட்டுப் பார்த்தார், தாய்ப்பத்திரத்தை வக்கீலிடம் கொடுத்து வரி வரியாகப் படிக்கச் சொன்னார், பிரிக்கப்படாத நிலப் பாகம் எத்தனை சதுர அடி என்று பில்டரைக் குடைந்தார். கடனுக்காக நான்கு வங்கி ஏறி இறங்கி, எட்டரையை எட்டேகாலாக்க முடியுமா என்று ஒரு மாதம் மல்லுக்கு நின்றார். இவ்வளவு உஷாரான மனிதர் ஒரே ஒரு பண்டத்தை மட்டும் பேரம் பேசாமல் அள்ளிக் கொடுக்கிறார். அதுதான் காலம். வீட்டுக் கடனின் விலை வட்டி விகிதத்தைவிட வருடங்களின் எண்ணிக்கையில்தான் அதிகம் ஒளிந்திருக்கிறது என்பது என் கட்சி. தவணைநாதர் காவல் காப்பதெல்லாம் முன்வாசலை. பணம் போவது கொல்லைப்புறமாக.

கணக்கைப் போட்டே பார்க்கலாம். 50 லட்சம் கடன், 8.5 சதவீத வட்டி, 20 வருடம். மாதத் தவணை 43,391 ரூபாய். 240 மாதத்தில் அவர் கட்டுவது 1 கோடியே 4 லட்சம். அதில் வட்டி மட்டும் 54 லட்சத்துக்கு மேல், அதாவது வாங்கிய கடனைவிட அதிகம். முதல் மாதத் தவணையைப் பிரித்தால் 35,417 ரூபாய் வட்டி, அசலில் கழிவது 7,974. ஐந்து வருடம் ஒரு மாதம் தவறாமல் 26 லட்சம் கட்டிவிட்டு, பாக்கி எவ்வளவு என்று கேட்டால் 44 லட்சம் என்று பதில் வரும். தவணையில் வட்டியின் பங்கை அசலின் பங்கு முந்துவதற்கே ஏறக்குறைய 12 வருடம் ஆகிறது. பாதிக் கடன், அதாவது 25 லட்சம், அடைபடும்போது 13 வருடமும் 10 மாதமும் ஓடியிருக்கும். இதில் வங்கியின் சூது ஒன்றும் இல்லை. மிச்சமிருக்கும் அசலுக்குத்தான் மாதாமாதம் வட்டி போடுகிறார்கள். ஆரம்பத்தில் அசல் மலையாக நிற்பதால் தவணையின் பெரும்பகுதி வட்டிக்கே போய்விடுகிறது. இத்தனையும் தவணை அட்டவணையில் மாதம் மாதமாக அச்சாகியிருக்கிறது. கடன் ஒப்புதல் கடிதத்தின் பின்னால் நாலைந்து பக்கம் அதைப் பின் அடித்தும் தருகிறார்கள். தவணைநாதர் அந்தக் கடிதத்தைப் பிளாஸ்டிக் உறையில் போட்டு, பீரோவில் பட்டுப்புடவைக்கு அடியில் பத்திரப்படுத்தியிருக்கிறார். பின் இன்னும் பிரியவில்லை.

வங்கியின் செயலியில் ஒரு பட்டை இருக்கிறது, விரலால் இழுத்தால் நகரும். வருடத்தை 20-லிருந்து 30-க்கு இழுங்கள், தவணை 38,446 ஆக இறங்கும். “பார்த்தியா, மாசம் அஞ்சாயிரம் மிச்சம்!” என்று மனைவியிடம் காட்டுகிறார். திரையில் தவணை கொட்டை எழுத்தில் இருக்கும், மொத்த வட்டி கீழே சாம்பல் நிறத்தில் இருக்கும். மொத்தத் தொகை இப்போது 1 கோடியே 38 லட்சம். அந்த ஐயாயிரத்துக்கு அவர் கொடுக்கும் விலை 34 லட்சத்துக்கும் மேல். ஒரு மாதம் போராடிக் கேட்ட கால் சதவீதம் இருக்கிறதே, அது 20 வருடக் கடனில் மிச்சப்படுத்துவது மொத்தமே 1 லட்சத்து 89 ஆயிரம்தான். அதற்காக வேர்வை சிந்தியவர், 34 லட்சத்தை விரல் நுனியால் தள்ளிவிடுகிறார். இதே தாராளம் சில்லறைச் செலவிலும் உண்டு. “சார், லோனுக்கு ஒரு இன்ஷூரன்ஸ் இருக்கு, பிரீமியத்தைக் கடன்லயே சேத்துடலாம், கையிலருந்து ஒண்ணும் போட வேணாம்” என்று அதிகாரி சொன்னதும் கையெழுத்து விழுகிறது. குடும்பத்துக்குக் காப்பீடு வேண்டும்தான். ஆனால் கடனோடு சேர்த்த 1 லட்சம் பிரீமியம் 20 வருடத்தில் 2 லட்சத்து 8 ஆயிரமாகிவிடுகிறது. மாடுலர் கிச்சனையும் இதே வழியில் கடனுக்குள் நுழைத்திருந்தால், அந்தச் சமையலறை பழசாகி உடைத்துப் போட்ட பிறகும் அதற்கு வட்டி போய்க்கொண்டிருக்கும்.

மாறும் வட்டி விகிதம் வந்தால் இந்தக் குணம் இன்னும் பளிச்சென்று தெரியும். 2019 அக்டோபர் முதல் வங்கிகளின் புதிய மாறும் வட்டி வீட்டுக் கடன்கள் வெளி அளவுகோலோடு பிணைக்கப்பட்டன. பெரும்பாலும் அது ரிசர்வ் வங்கியின் ரெப்போ விகிதம். 2020 மே மாதம் 4 சதவீதத்துக்கு இறங்கிய ரெப்போ, 2022 மே தொடங்கி 2023 பிப்ரவரிக்குள் 6.5 ஆக ஏறியது. 7 சதவீதத்தில் 50 லட்சம் எடுத்தவரின் தவணை 38,765. அந்த வட்டி 9.5 ஆனபோது, 50 லட்சத்துக்கு ஒரு மாத வட்டியே 39,583. தவணையை அப்படியே வைத்திருந்தால் வட்டிக்கே போதாது, கட்டக் கட்டக் கடன் வளரும். பல இடங்களில் கடன்காரரிடம் கேட்காமலே வருடங்களை நீட்டிவிட்டார்கள். அதனால்தான் 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கி குறுக்கிட்டு, வட்டி மாறும்போது தவணையைக் கூட்டுவதா, காலத்தை நீட்டுவதா, இரண்டையும் கலந்து செய்வதா என்று கடன்காரரைக் கேட்க வேண்டும், நீட்டுவதால் கடன் பெருகிவிடக் கூடாது என்று சொன்னது. தவணைநாதரிடமும் கேட்டார்கள். அவர் ‘காலத்தை நீட்டுக’ என்ற கட்டத்தில் டிக் அடித்தார். 2025 பிப்ரவரியிலிருந்து ரெப்போ இறங்கத் தொடங்கியதே, அப்போதாவது நீட்டிய வருடத்தைச் சுருக்கிக் கேட்டாரா? இல்லை, தவணையைக் குறைக்கச் சொல்லி மனு கொடுத்தார். ஏறினால் வருடம் கூடும், இறங்கினால் தவணை குறையும். இரண்டு பக்கமும் ஜெயித்ததாக அவருக்கு நினைப்பு.

இனி அவர் தரப்பைக் கேட்போம். அவருக்கும் வாதங்கள் உண்டு, அவற்றில் சில வலுவானவை. முதலாவது, எல்லாருக்கும் மனப்பாடமானது: “வாடகை குடுத்தா வீண்காசு சார், தவணை கட்டினா சொத்து.” வாடகை வீட்டின் கஷ்டங்களை நான் குறைத்துச் சொல்லமாட்டேன். பதினொரு மாதத்துக்கு ஒருமுறை ஒப்பந்தம், வருடாவருடம் ஏற்றம், சுவரில் ஆணி அடிக்கக் கூடாது, மீன் வாசம் மேலே வரக் கூடாது, மோட்டாரை ஆறு மணிக்கு மேல் போடக் கூடாது. சொந்த வீட்டில் ஆணி அடிக்கும் உரிமைக்கு ஒரு விலை கொடுக்கலாம்தான். ஆனால் வட்டி என்பதும் வாடகைதான், பணத்துக்குக் கொடுக்கும் வாடகை. நம் நகரங்களில் வீட்டு வாடகை, வீட்டின் விலையில் ஆண்டுக்கு 2 முதல் 4 சதவீதத்துக்குள் அடங்கிவிடும். 65 லட்சம் ரூபாய் வீட்டுக்கு 3 சதவீதம் என்றால் மாதம் 16,250. அதே வீட்டுக்காக அவர் வாங்கிய 50 லட்சத்துக்கு முதல் மாத வட்டி 35,417. வீட்டுக்காரருக்குக் கொடுத்த பதினாறாயிரம் வீணாம், வங்கிக்குக் கொடுக்கும் முப்பத்தைந்தாயிரம் சொத்தாம். சொத்து என்று உண்மையில் சேர்ந்தது அந்த 7,974 மட்டுமே. கட்டி முடியாத வீட்டை வாங்கியவர் நிலைமை இன்னும் ரசமானது. பழைய வீட்டு வாடகை ஒரு பக்கம், வங்கி இதுவரை விடுவித்த தொகைக்கு ப்ரீ-இ.எம்.ஐ. வட்டி மறு பக்கம். அதில் அசல் ஒரு ரூபாய்கூடக் கழியாது. அவரைக் கேட்டால் “வீடு வளந்துட்டிருக்கு” என்பார்.

இரண்டாவது வரிச் சலுகை. பழைய வரித் திட்டத்தில், குடியிருக்கும் வீட்டுக் கடன் வட்டியில் ஆண்டுக்கு 2 லட்சம் வரை கழித்துக்கொள்ளலாம். 30 சதவீத வரம்பில் இருப்பவருக்கு அதனால் மிச்சமாவது மேல்வரியோடு சேர்த்து 62,400 ரூபாய். முதல் வருடம் அவர் கட்டிய வட்டியோ 4 லட்சத்து 21 ஆயிரம். புதிய வரித் திட்டத்தில் அந்தக் கழிவும் கிடையாது, அதுதான் இப்போது எல்லாருக்கும் தானாக வந்து சேரும் திட்டம். பத்திரப்பதிவு அன்று ஆடிட்டர் நண்பர் சொன்னதை இன்னும் சொல்லிக்கொண்டிருப்பவரிடம் இதை எடுத்துச் சொல்வது கொஞ்சம் சங்கடம்தான்.

மூன்றாவது, வீட்டின் விலை ஏறுகிறதே என்பது. ஏறலாம். 65-க்கு வாங்கியது 1 கோடியே 30-க்குப் போனால் இரட்டிப்பு என்று குதிப்பார். அந்தக் கணக்கில் வட்டி 54 லட்சம் வராது, முத்திரைத்தாள் வராது, பதிவுக் கட்டணம், அடமானப் பத்திரத்துக்கான எம்.ஓ.டி. செலவு, வங்கியின் ப்ராசஸிங் ஃபீஸ், கார் நிறுத்துமிடம், சொத்துவரி, மாதாமாதப் பராமரிப்பு, ஐந்து வருடத்துக்கொரு பெயின்ட், எதுவும் வராது. ஏறுவது மண்ணின் விலை, கட்டடம் தேய்ந்துகொண்டுதான் வரும். அடுக்ககத்தில் அவர் பங்குக்கு மண் கொஞ்சம்தான். அதோடு, குடியிருக்கும் வீட்டை விற்று லாபம் பார்க்க, குடியிருக்க இன்னொரு வீடு வேண்டும். அதன் விலையும் ஏறித்தானே கிடக்கும்?

நான்காவது வாதம்தான் உண்மையில் பலமானது. தவணைநாதர் அதைச் சொல்வதில்லை, அவருக்காகப் படித்தவர்கள் சொல்கிறார்கள். இன்றைய 43,391 ரூபாயும் 20 வருடம் கழித்து வரும் 43,391 ரூபாயும் ஒன்றல்ல. விலைவாசி ஆண்டுக்கு 5 சதவீதம் ஏறினால், கடைசித் தவணையின் மதிப்பு இன்றைய பணத்தில் 16 ஆயிரம் சொச்சம்தான். எனவே 54 லட்சம் வட்டி என்று கூட்டிக் காட்டிப் பயமுறுத்துவது நியாயமில்லை என்கிறார்கள். அந்தக் கூட்டலில் இன்றைய ரூபாயும் இருபது வருடத்துக்குப் பிந்தைய ரூபாயும் ஒரே வரிசையில் நிற்பது உண்மைதான், ஒப்புக்கொள்கிறேன். கையில் பணம் இல்லாதவர் கடனில்லாமல் வீட்டுக்குக் காத்திருந்தால் தலை நரைத்த பிறகும் காத்திருக்க வேண்டியதுதான், அதையும் ஒப்புக்கொள்கிறேன். ஆனால் விலைவாசி ஏறினால் சம்பளமும் ஏறும் என்பதுதானே இந்த வாதத்தின் மறுபாதி? ஏறும் சம்பளத்தோடு தவணையும் வருடத்துக்கு 5 சதவீதம் ஏறட்டும். இரண்டாம் வருடம் 43,391-க்குப் பதில் 45,561, அடுத்த வருடம் அதற்கும் மேல் 5 சதவீதம். சம்பளத்தில் தவணை விழுங்கும் பங்கு அப்படியேதான் இருக்கும், வயிற்றைக் கட்ட வேண்டியதில்லை. 20 வருடக் கடன் 12 வருடம் சில மாதத்தில் தீர்ந்துவிடும். வட்டியில் ஏறக்குறைய 19 லட்சம் மிச்சம். அவ்வளவு முடியாது என்பவர் வருடத்துக்கு ஒரு தவணை மட்டும் கூடுதலாகக் கட்டினாலே மூன்றரை வருடம் போல முன்னதாக முடிந்து, சுமார் பத்து லட்சம் தங்கும். தனிநபர் எடுத்த மாறும் வட்டி வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் வங்கி அபராதம் போடக் கூடாது என்று ரிசர்வ் வங்கி 2012-லேயே சொல்லிவிட்டது.

“போனஸ் வந்தா ஒரு பார்ட் பேமென்ட் போட்டுடணும்” என்று தவணைநாதரும் வருடம் தவறாமல் சொல்கிறார். போனஸும் வருகிறது. கூடவே தீபாவளியும் வருகிறது, பள்ளிக் கட்டணமும் வருகிறது, எதிர் ஃபிளாட்காரர் வாங்கிய காரும் வந்து நிற்கிறது. சம்பள உயர்வால் கூடிய ஐயாயிரம் இவரது கார் தவணைக்குப் போகிறது. அதையும் “மாசம் பன்னெண்டுதான்” என்கிறார். தவணையைக் கூட்டிக் கட்டும் வசதி அதே செயலியில், மூன்று திரைக்கு உள்ளே இருக்கிறது. அதைத் தேடிப் போனவரை முதல் திரையிலேயே ஒரு பச்சைப் பட்டை மறித்தது. ஒழுங்காகக் கட்டிவரும் வாடிக்கையாளர் என்பதால், எட்டு லட்சம் டாப்-அப் கடன் தயாராக இருக்கிறதாம், காகிதம் எதுவும் வேண்டாமாம். கீழேயே மாதம் எவ்வளவு என்றும் போட்டிருந்தார்கள். அவர் அதைத்தான் முதலில் படித்தார்.